உலைக்கு எந்த நீதிமன்றம்

பிப்ரவரி 10, திங்கள்

காலையில் மின்சாரம் இல்லை. பாதி காய்ந்த வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு போனேன். கறுப்புக் கோட்டு மேலே வந்துவிட்டால் ஈரம் யாருக்கும் தெரியாது.

மதியத்துக்கு முன் அக்காவின் போன். "நோட்டீஸ் ஒட்டிட்டாங்கடி." கண்ணாடித் தொழிற்சாலைக்காரர்கள் போனில் கத்தித்தான் பேசுவார்கள், இயந்திரச் சத்தத்துக்குப் பழகிய தொண்டை. இன்று அவள் கத்தவில்லை. நான் பயந்திருக்க வேண்டும். அப்போது வேறொரு வழக்குக் கட்டின் பக்கங்களுக்கு எண் போட்டுக்கொண்டிருந்தேன். கடைசிப் பக்கம் வரை போட்டு முடித்தேன்.

குழப்பிக்கொள்ளாமல் இருக்க எழுதி வைக்கிறேன். கம்பெனி நொடித்துப் போனது. கடன் கொடுத்தவர்கள் கம்பெனித் தீர்ப்பாயத்துக்குப் போனார்கள். தீர்ப்பாயம் போன வருடம் ஒரு மீட்புத் திட்டத்துக்கு ஒப்புதல் கொடுத்தது. புது முதலாளிக்குத் தொழிற்சாலை கிடைத்தது, பழைய கடனெல்லாம் கழுவிவிடப்பட்டது. பதிலுக்கு அவர் செய்ய வேண்டியது: உலை எரிந்துகொண்டே இருக்க வேண்டும், இரண்டாவது வரிசை தொடங்க வேண்டும், ஆட்களை வெளியே அனுப்பக் கூடாது. தொழிலாளர்களுக்காக வாதாடியவர் என் சீனியர். அவருடைய பையைத் தூக்கியவள் நான். உலைக் கட்டுப்பாட்டு அறையில் ஷிப்ட் பொறுப்பாளர், சங்கத்தின் பொருளாளர் — என் அக்கா.

நோட்டீஸ் சொல்வது: மாதக் கடைசிக்குள் உலை இறக்கப்படும், அதாவது அணைக்கப்படும்.

கண்ணாடி உலையை வீட்டு அடுப்பு மாதிரி அணைத்துவிட்டு மறுபடி பற்றவைக்க முடியாது. அக்கா ஒரு முறை சொன்னாள், உள்ளே இருப்பது ஒரு குளம் என்று. எரியும் குளம். அப்படியே ஆற விட்டால் குளம் கல்லாகும், சுற்றுச்சுவரைப் பிளக்கும். பிறகு இடித்துத்தான் எடுக்க வேண்டும்.

உலை போனால் அது தொழிற்சாலை இல்லை. பெரிய சாலையை ஒட்டிய காலி நிலம். புது முதலாளிக்கு அதுதான் வேண்டும் என்று கேன்டீனில் பேசிக்கொள்கிறார்கள். பேச்சை நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய முடியாது.

பிப்ரவரி 11, செவ்வாய்

சீனியர் நோட்டீசை நின்றபடியே படித்தார்.

"திட்டத்தை மீறிட்டான். அதைக் கண்ணை மூடிக்கிட்டுச் சொல்லலாம். எங்க போய்ச் சொல்றதுங்கறதுதான் கேள்வி. எழுதிக் கொண்டாம்மா. ஒரு பக்கம். ரெண்டு பக்கம் எழுதினா ரெண்டாவதை நான் படிக்க மாட்டேன்."

எழுதினேன். தொழிலாளர் நீதிமன்றம் என்றால் முதலில் சமரசப் பேச்சு, பிறகு அரசாங்கம் வழக்கை அங்கே அனுப்பி வைக்க வேண்டும். மாதக்கணக்கில் ஆகும், அதற்குள் குளம் கல்லாகிவிடும். உயர் நீதிமன்றம், உங்களுக்கென்று ஒரு தீர்ப்பாயம் இருக்கிறதே என்று வாசலிலேயே திருப்பி அனுப்பும். இந்த ஊர் சிவில் கோர்ட்டில் அன்றைக்கே தடை உத்தரவு வாங்கிவிடலாம். ஆனால் தீர்ப்பாயத்துக்கு உரிய விஷயத்தில் சிவில் கோர்ட் கை வைக்கக் கூடாது என்று சட்டமே சொல்கிறது. வாங்கும் தடை நிற்காது.

மிச்சம் இருப்பது தீர்ப்பாயம். திட்டத்துக்கு ஒப்புதல் கொடுத்த இடம். அதை நடத்திக் காட்டும் அதிகாரமும் அதற்கு மட்டும்தான். ஆனால் அது தலைநகரில் இருக்கிறது. இரண்டு உறுப்பினர்களில் ஒருவர் ஓய்வு பெற்றுவிட்டார், இன்னும் ஆள் போடவில்லை. மற்றவர் ஒரு வாரம் விட்டு ஒரு வாரம் உட்காருகிறார். விசாரணை கணினித் திரையில். மாதக் கடைசிக்குள் எங்கள் மனு எடுக்கப்படுமா? படலாம். படாமலும் போகலாம்.

சீனியர் படித்தார். "சரியான கதவு பூட்டிக் கிடக்கு. தப்பான கதவு தொறந்து கிடக்கு. இதானே?"

"ஆமா சார்."

"அரைப் பக்கத்துல முடிச்சிருக்கலாம்."

பிப்ரவரி 12, புதன்

கடைவாய்ப் பல் பிடுங்கினேன். மருத்துவர் ஊசி போட்டுவிட்டுத் தட்டித் தட்டிக் கேட்டார், வலிக்குதா? இல்லை. இங்க? இல்லை. மாலை வரை பாதி முகம் வேறு யாருடையதோ. சொல்லப் போனால் வசதியாக இருந்தது.

பிப்ரவரி 13, வியாழன்

சங்க அலுவலகம் டயர் கடைக்கு மேலே. ரப்பர் வாடை மாடி வரை வரும். நாற்காலிகள் சீனியருக்கும் எனக்கும். மற்றவர்கள் சுவரோரம், படிக்கட்டு வரை.

சீனியர் நான்கு வழியையும் பொறுமையாகச் சொன்னார். தீர்ப்பாயம் என்றதும் படிக்கட்டிலிருந்து ஒரு குரல்: "அந்த டிவி கோர்ட்டா?" சிரிப்பு.

தலைவர் எழுந்தார். எல்லோரும் அவரை 'மைக்' என்பார்கள், இதுவரை ஒரு மைக்கையும் அவர் தொட்டதில்லை என்பதால்.

"வக்கீல் சார், போன வருஷம் திட்டம் பாஸ் ஆன அன்னிக்கு நாங்க பதினஞ்சு பேரு ஒரே போனுக்குள்ள தலையை விட்டுப் பாத்தோம். வாயைத் தொறந்தேன். மியூட்ல போட்டுட்டாங்க. என்னை! பெத்தவளால முடியாத காரியம் சார் அது."

சிரிப்பு அடங்கும்வரை நின்றார். அவருக்குத் தெரியும் எப்போது நிற்க வேண்டும் என்று.

"இங்க நம்ம கோர்ட்டு. ஷிப்ட் முடிஞ்ச கையோட நீலக் கோட்டைக்கூடக் கழட்டாம போய் பெஞ்சுல உக்காருவோம். ஜட்ஜ் ஐயா தலையை நிமுத்தினா நாங்கதான் தெரிவோம். வேற எங்க பாப்பாரு? அந்த டிவியில தபால்தலை சைசுல தெரிவோம். அதுவும் ஒருத்தர் மூஞ்சிதான்."

உண்மை. நான் இரண்டு முறை பார்த்திருக்கிறேன். நீல வரிசை. யாரும் பேசுவதில்லை. நீதிபதி பேனாவை எடுக்கும் விதமே மாறிவிடும்.

கேட்காமலே நான் எழுந்தேன். பார்க்கப்படுவது வேறு, அதிகாரம் வேறு என்று சொல்ல நினைத்தேன். தாடையில் வீக்கம். 'அதிகாரம்' சரியாக வரவில்லை. அக்கா பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னது எனக்குக் கேட்டது: "வக்கீலம்மா பாதி வாயாலதான் வாதாடுவாங்க. மிச்சப் பாதிக்குத் தனி ஃபீஸ்."

சீனியர் முடித்தார். "இங்க வாங்கற தடை நிக்காது. சொல்லிட்டேன்."

"நிக்கிற வரைக்கும் எரியும்ல?" என்றார் தலைவர்.

என்னுடைய ஒரு பக்கத்தில் அந்தக் கேள்வியே இல்லை.

கை தூக்கச் சொன்னார்கள். ஊர் கோர்ட்டுக்கு எல்லாக் கையும். அக்காவின் கையும்.

வீட்டில் அக்கா கேட்டாள். "உன் பக்கம் தூக்கலைன்னு கோவமா?"

"இல்ல."

"இருந்தா சொல்லிடு."

"தேடிப் பாத்தேன். இல்ல."

"என்ன ஜென்மமோ" என்றாள். அம்மா தட்டுகளை வைத்தபடி, "ரெண்டு பேரும் சாப்பிட்டுட்டுச் சண்டை போடுங்க. வெறும் வயித்தோட என்னால பஞ்சாயத்து பண்ண முடியாது."

பிப்ரவரி 14, வெள்ளி

தடை கிடைத்துவிட்டது. உலையை இறக்கக் கூடாது, எரிவாயுவை நிறுத்தக் கூடாது, மறு உத்தரவு வரை.

மனுவில் மீட்புத் திட்டத்தை 'உடன்படிக்கை' என்று குறிப்பிட்டோம். சிவில் கோர்ட்டில் அப்படித்தான் பேச முடியும் — நீ சொன்னாய், நான் நம்பினேன், நீ மீறிவிட்டாய். தட்டச்சு செய்யும்போது அந்தச் சொல் உறுத்தியது. இருந்தும் அப்படியே விட்டேன்.

நீதிபதி நிமிர்ந்தார். நீலக் கோட்டுகள். காலை ஷிப்டே அங்கே இருந்தது. மூன்று நிமிடம்கூட ஆகவில்லை.

வெளியே மரத்தடியில் தலைவர் பேசியது மூன்றாவது மாடியில் கேட்டதாக நீதிமன்ற ஊழியர் ஒருவர் புகார் செய்தார், சிரித்துக்கொண்டே. அக்கா என் கையைப் பிடித்து நெரித்தாள். சூட்டில் காய்த்துப்போன உள்ளங்கை. நான் என்ன உணர்ந்தேன் என்று எழுதத்தான் இதைத் திறந்தேன். டீ சூடாக இருந்தது.

பிப்ரவரி 17, திங்கள்

உலை எரிகிறது. வேறு ஒன்றும் இல்லை.

பிப்ரவரி 20, வியாழன்

எதிர்த்தரப்பு உயர் நீதிமன்றத்துக்குப் போய்விட்டது, இந்த ஊர் கோர்ட்டுக்கு அதிகார வரம்பே இல்லை என்று.

சீனியரிடம் சொன்னேன், இப்போதே தீர்ப்பாயத்திலும் ஒரு மனு போட்டு வைத்தால் என்ன?

"பிரமாணப் பத்திரத்துல கடைசி பாரா என்னம்மா?"

இதே விஷயம் குறித்து வேறு எந்த மன்றத்திலும் வழக்கு நிலுவையில் இல்லை. எல்லா மனுவிலும் இருக்கும். மனப்பாடம்.

"பொய் சத்தியம் பண்ணச் சொல்றியா?"

"இங்க வாபஸ் வாங்கிட்டு…"

"வாங்கின அடுத்த நிமிஷம் பைப்பை மூடுவான். நீ அங்க போய் மனுவை நீட்டறதுக்குள்ள எல்லாம் முடிஞ்சிருக்கும்."

ஆக, தப்பான அறையில் உட்கார்ந்திருக்கிறோம். எழுந்தால் உலை அணையும். எழாமல் சரியான அறைக்குப் போக முடியாது. இதைக் கல்லூரியில் ஒரு கேள்வியாகக் கொடுத்திருந்தால் ரசித்து எழுதியிருப்பேன். பத்து மதிப்பெண்.

பிப்ரவரி 26, புதன்

உயர் நீதிமன்றம். ரத்து. இரண்டு பக்க உத்தரவு. உரிய மன்றத்தை அணுக மனுதாரருக்கு உரிமை உண்டு.

நீதிபதி கடுமையாகப் பேசவில்லை. "நீங்க நேரா அங்கதானே போயிருக்கணும்?" என்றார். சீனியர் தலையைக் குனிந்துகொண்டார். அவர் குனிந்து நான் பார்த்ததில்லை.

படி இறங்கும்போது: "உன் நோட்டுல இருந்ததை அப்படியே படிச்சாரு. சந்தோஷமா?"

"இல்ல சார்."

"எனக்கும் இல்ல."

இரவுக்குள் எரிவாயுக் குழாயை மூடிவிட்டார்கள். முதலாளிக்கு இனி யாருடைய தடையும் இல்லை. நாங்கள் தீர்ப்பாயத்தின் படியேறும்வரை இடையில் இருக்கும் நாட்கள் யாருக்கும் சொந்தமில்லாதவை.

பிப்ரவரி 27, வியாழன்

அக்கா துண்டு துண்டாகச் சொன்னாள். நான் வரிசைப்படுத்துகிறேன். வேறு என்ன தெரியும் எனக்கு?

மூடிய பிறகும் உலையில் சில மணி நேரத்துக்குச் சூடு நிற்கும். அதற்குள் செய்யக்கூடியது ஒன்றே ஒன்று: அடியில் உள்ள வாயைத் திறந்து கண்ணாடிக் குழம்பு முழுவதையும் வடித்துவிட்டு, காலியான உலையை மெல்ல ஆற விடுவது. அப்படிச் செய்தால் சுவர் பிழைக்க வாய்ப்பு உண்டு. பின்னால் என்றாவது பற்றவைக்கலாம். வடிக்காமல் விட்டால் எல்லாம் சேர்ந்து கட்டியாகிவிடும்.

கேட்டில் கூட்டம். தலைவர் சொன்னார், யாரும் கை வைக்கக் கூடாது. நாமே வடித்தால் நாமே மூடியதாக ஆகும். "குழம்பு உள்ளயே இருக்கட்டும். நாளைக்கு எந்தக் கோர்ட்டு வந்து பாத்தாலும் அதுதான் சாட்சி."

அக்கா சொன்னாளாம்: "சாட்சியை வெச்சு பாட்டில் செய்ய முடியாதுண்ணே."

"அப்ப முதலாளிக்கு நீயே அணைச்சுக் குடுக்கறியா?"

"அணைச்சது அவன். நான் காலி பண்றேன்."

அவளோடு மூன்று பேர் உள்ளே போனார்கள். மேலாளர் கையைக் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்த்தார், "தாராளமா பண்ணுங்க" என்றார். கேட்டிலிருந்து யாரோ ஒருவர் அக்காவைச் சொன்ன வார்த்தையை அவள் சொல்ல மாட்டேன் என்கிறாள்.

"தண்ணிக் கால்வாயில விழும்போது அது ஒரு மாதிரி…" என்று ஆரம்பித்தாள். நிறுத்திவிட்டாள். புருவத்தில் பாதி இல்லை, சூட்டில் பொசுங்கியிருக்கிறது. அம்மா வெந்நீர் போட்டாள்.

பிப்ரவரி 28, வெள்ளி

பொருளாளர் பதவியிலிருந்து அக்காவை நீக்கிவிட்டார்கள். தலைவர் குறுஞ்செய்தி அனுப்பியிருந்தார். பேசவில்லை. அந்த மனிதர். குறுஞ்செய்தி.

மார்ச் 3, திங்கள்

தீர்ப்பாயத்துக்கு மனு தயாராகிறது. முந்திக்கொண்டு எதிர்த்தரப்பு கடிதம் அனுப்பிவிட்டது: தொழிலாளர்கள் தாமாகவே முன்வந்து உலையை இறக்கினார்கள், எனவே உலை பற்றிய நிபந்தனையை இரு தரப்பும் கைவிட்டாயிற்று, உடன்படிக்கை அந்த அளவில் முடிந்தது.

தலைவர் வந்தார். எதிரே உட்கார்ந்தார். என்னைப் பார்க்கவில்லை.

"சார், அந்த நாலு பேரும் சங்கம் இல்லைன்னு மனுவிலயே எழுதணும். நிர்வாகத்தோட கையைக் கோத்துக்கிட்டாங்கன்னு எழுதணும். அப்பதான் 'ஒத்துக்கிட்டீங்க'ன்னு அவன் நம்மளைச் சொல்ல முடியாது."

சீனியர் சொல்லச் சொல்ல நான் தட்டச்சு செய்தேன். பாரா பதினொன்று. 'மேற்படி ஷிப்ட் பொறுப்பாளர் தன் சொந்த ஆதாயம் கருதி நிர்வாகத்துடன் கூட்டுச் சேர்ந்து…' விரல்கள் நன்றாகவே வேலை செய்தன. பிழை ஒன்றும் இல்லை. பிறகு சரிபார்த்தேன், ஒன்றுமே இல்லை.

போகும்போது தலைவர் வாசலில் நின்றார். "தப்பா எடுத்துக்காத பாப்பா. நாலு பேரைப் பாத்தா நானூறு பேர் போயிடுவாங்க."

"சரிங்க" என்றேன்.

அவர் போன பிறகு சீனியர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "உன் அக்காங்கறதால வேண்டாம்னு சொன்னா நான் கேக்க மாட்டேன். அந்தப் பாரா தேவையே இல்லைன்னு சட்டத்துல காட்டு, எடுத்துடறேன். புதன்கிழமை தாக்கல்."

மார்ச் 4, செவ்வாய்

எப்படித்தான் காட்டறது. அவ திறந்தா. கூடப் போன மூணு பேர் பாத்தாங்க. மேலாளர் பாத்தாரு. திறக்கலைன்னு சொல்ல முடியாது. சங்கம் சொல்லித் திறந்தான்னும் சொல்ல முடியாது. காலையிலிருந்து அதையே எழுதறேன், அடிக்கறேன்.

மதியம் அக்கா போன் பண்ணினா. "என்னைப் பத்தி எழுதறீங்களாமே?"

திரையில பாரா பதினொண்ணை மூடினேன்.

"எழுதிக்கோடி. கம்பெனி தொறக்கும்னா எழுதிக்கோ. நானே கையெழுத்துப் போடறேன், போதுமா?"

வெச்சுட்டா. என்னால முடியல. முடியலன்னு எழுதினா ஏதாவது ஆகுமான்னு பாத்தேன். ஆகல.

மாலை.

எதிர்த்தரப்புக் கடிதத்தை மறுபடி படித்தேன். 'உடன்படிக்கை.' அந்தச் சொல்லை எங்கே பிடித்தார்கள்? எங்கள் மனுவிலிருந்து. சிவில் கோர்ட்டுக்காக நான் தட்டச்சு செய்த சொல். தப்பான அறைக்குப் போனதால் அந்த அறையின் பாஷையைப் பேசினோம். இப்போது அதை வைத்தே அடிக்கிறார்கள்.

அது உடன்படிக்கையே இல்லை. தீர்ப்பாயத்தின் ஒப்புதல் உத்தரவை எடுத்துக் கடைசிப் பக்கத்திலிருந்து படித்தேன். திட்டம் உத்தரவின் பகுதி. இரண்டு பேர் பேசி வைத்துக்கொண்டதை அந்த இரண்டு பேரும் கைவிடலாம். தீர்ப்பாயம் சொன்னதைத் தீர்ப்பாயம்தான் மாற்றலாம். முதலாளி கைவிட முடியாது. சங்கம் கைவிட முடியாது. அக்கா எத்தனை வாயைத் திறந்து விட்டாலும் அந்த நிபந்தனையில் ஒரு எழுத்து அழியாது.

அப்படியென்றால் அவள் யாருடன் சேர்ந்தாள், சேரவில்லை என்ற பேச்சே எழாது. சிவில் கோர்ட்டில் அவள் கை வழக்கையே முடித்துவிடும். தீர்ப்பாயத்தில் அவள் கை வெறும் கை.

இதைத்தான் முதல் நாளே எழுதியிருக்க வேண்டும். எந்த மன்றம் வேகம், எந்த மன்றம் தூரம் என்று எழுதினேன். எந்த மன்றத்தில் அந்தத் திட்டம் என்னவாக இருக்கும் என்று எழுதவில்லை.

அரைப் பக்கத்தில் முடித்தேன்.

மார்ச் 5, புதன்

சீனியர் படித்தார். ஒரு நிமிடம் சன்னலைப் பார்த்தார். பேனாவால் பாரா பதினொன்றின் குறுக்கே ஒரு கோடு.

தலைவர் கத்தியதில் பக்கத்து அறை வக்கீல் எட்டிப் பார்த்தார். "அக்காவுக்காகத் தங்கச்சி எழுதினது சார் இது! எழுதிக் குடுத்ததும் அவ, அடிச்சதும் அவளா?"

"எழுதினது அவ. அடிச்சது நான்" என்றார் சீனியர். "அந்தப் பாராவைப் போட்டா, நம்ம ஆளு ஒத்துக்கிட்டது முக்கியம்னு நாமே சொன்ன மாதிரி ஆயிடும். அவன் வண்டிக்கு நாம பெட்ரோல் ஊத்தறோம். வேணுமா?"

தலைவர் நின்றார். தண்ணீர் கேட்டார். நான் கொடுத்தேன். குடித்துவிட்டு டம்ளரை என் கையில் தராமல் மேசையில் வைத்தார்.

கடைசிப் பாரா இந்த முறை நீளம். ஊர் கோர்ட்டுக்குப் போனோம், தடை வாங்கினோம், உயர் நீதிமன்றம் ரத்து செய்தது, இப்போது வேறு எங்கும் எதுவும் நிலுவையில் இல்லை. ஒளிக்காமல் எழுதினோம்.

மார்ச் 11, செவ்வாய்

விசாரணை. எங்கள் அலுவலகத் திரையில் சீனியர். பின்னால், படத்தில் விழாத இடத்தில், நான். தொழிலாளர்கள் சங்க அலுவலகத்தில் ஒரு போனைச் சுற்றி. அக்கா அங்கே போகவில்லை. வீட்டில் தனியாகப் பார்த்தாள். ஓரத்தில் அவளுக்கென்று ஒரு சின்னக் கட்டம். பின்னால் எங்கள் வீட்டுத் துணிக்கொடி.

உறுப்பினர் அம்மையாருக்குச் சளி. மூக்கைத் துடைத்துக்கொண்டே கேட்டார். எதிர்த்தரப்பு வக்கீல் நன்றாகப் பேசினார், உடன்படிக்கை, பரஸ்பரச் சம்மதம், கைவிடுதல். நான் அவர் இடத்தில் இருந்தாலும் அதையே பேசியிருப்பேன்.

அம்மையார் இடைமறித்தார். "இது நீங்க ரெண்டு பேரும் பேசி வெச்சுக்கிட்டது இல்லையே. நாங்க போட்ட உத்தரவு. மாத்தணும்னா எங்ககிட்ட வந்திருக்கணும். வந்தீங்களா?"

எதிர்த்தரப்பு வக்கீலின் உதடுகள் அசைந்தன.

"ஒண்ணும் கேக்கல. மியூட்ல இருக்கீங்க."

சங்க அலுவலகத்தில் அந்த நேரம் எழுந்த சிரிப்பைப் பற்றிப் பின்னால் கேள்விப்பட்டேன். டயர் கடைக்காரர் மேலே ஓடி வந்தாராம்.

பிறகு சீனியரிடம்: "நீங்க ஏன் முதல்ல சிவில் கோர்ட்டுக்குப் போனீங்க?"

சீனியர் தயாரித்து வைத்திருந்த பதிலைச் சொல்லவில்லை. "அங்க இவங்க உக்காரறதுக்கு பெஞ்சு இருந்துதும்மா."

அம்மையார் திரையைப் பார்த்தார். எதையோ எழுதினார். அடுத்து எதிர்த்தரப்பிடம் கேட்டார், உலை இப்போது எந்த நிலையில் இருக்கிறது?

காலியாக இருக்கிறது. சுவர் நிற்கிறது. அவர்கள் வாயாலேயே சொல்ல வேண்டியிருந்தது.

ஓரத்துச் சின்னக் கட்டத்தில் அக்கா எழுந்து போய்விட்டாள். துணிக்கொடி மட்டும்.

மார்ச் 20, வியாழன்

உத்தரவு. திட்டம் புது முதலாளியைக் கட்டுப்படுத்தும். நிலத்தை விற்கக் கூடாது. பொறியாளர் ஒருவர் உலையைப் பார்வையிட்டு, பழுதான கற்களை மாற்றச் செய்து, முதலாளி செலவில் பற்றவைக்க வேண்டும். இரண்டு வாரத்துக்கு ஒரு முறை தீர்ப்பாயத்துக்கு அறிக்கை.

கேட்டில் கூட்டம். போயிருந்தேன். தலைவர் பேசினார். "அன்னிக்கு நம்ம கோர்ட்டு தடை குடுக்கலைன்னா இன்னிக்கு எந்த உத்தரவும் இல்லை, எந்த உலையும் இல்லை!" கைதட்டல்.

அது பொய் இல்லை. அந்தத் தடை நின்ற நாட்களில் உலை எரிந்தது. முழு உண்மையும் இல்லை. அந்த நான்கு பேரைப் பற்றி ஒரு வார்த்தை வரவில்லை. அக்கா கூட்டத்தின் கடைசியில் நின்றாள். பக்கத்தில் இரண்டு ஆள் நிற்கும் அளவுக்கு இடம் காலியாக இருந்தது. நான் போய் நின்றேன். இன்னும் ஒரு ஆள் இடம்.

"உத்தரவுல என் பேரு இருக்கா?" என்று கேட்டாள்.

"இல்ல. எங்கயும் இல்ல."

"நல்லது" என்றாள். கேட்டைப் பார்த்தபடி: "எதுலயுமா?"

"எதுலயும்."

தலையாட்டினாள். வீட்டுக்கு நடந்தே வந்தோம். வழியில் அவள் எனக்கு ஒரு குடை வாங்கிக் கொடுத்தாள். மழை இல்லை.

மார்ச் 29, சனி

பல் இருந்த இடத்தில் நாக்கு இன்னும் போய்ப் போய்ப் பார்க்கிறது. சீனியர் புது வழக்குக் கட்டு கொடுத்திருக்கிறார். அச்சகம் ஒன்று நொடித்துவிட்டது. எங்கே போவது என்று எழுதச் சொன்னார். "அரைப் பக்கம்" என்றார். சிரித்த மாதிரி இருந்தது.

ஏப்ரல் 9, புதன்

அக்காவுக்கு இந்த வாரம் முழுக்க இரவு ஷிப்ட். கற்களை மாற்றி முடித்துவிட்டார்கள். வெறும் உலையை மெல்லச் சூடேற்றுகிறார்கள். அவசரப்பட்டால் புதுக் கல் வெடித்துவிடும். கண்ணாடி போட இன்னும் நாள் இருக்கிறது. காலையில் வந்தவள் குளித்த தலையைக்கூடத் துவட்டாமல் என் கட்டிலில் விழுந்தாள், சன்னல் பக்கம் என்பதால். பகலில் தூங்குகிறவளை எழுப்பாமல் ஒரு அறைக்குள் இருப்பது எப்படி என்று எங்கள் வீடு கற்றுக்கொண்டிருக்கிறது. அம்மா பாத்திரத்தைத் துணிமேல் வைக்கிறாள்.

நீதிமன்றம் விடுமுறை. தரையில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

அவளுடைய போன் சத்தமில்லாமல் ஒளிர்கிறது. தலைவர். அந்தக் குறுஞ்செய்திக்குப் பிறகு முதல் முறை. திரையில் 'மைக் அண்ணன்' என்று வருகிறது, அந்தப் பெயரை அவள் மாற்றவே இல்லை. நின்றது. மறுபடி ஒளிர்கிறது.

அம்மா வாசலிலிருந்து பார்த்துவிட்டுக் கிசுகிசுத்தாள். "எடுத்து என்னன்னு கேளேன்டி."

"அவளோட போன்மா."

"அவரு தானா கூப்பிடறாரே…"

"மறுபடியும் கூப்பிடுவாரு."

வெயில் தலையணை வரை வந்துவிட்டது. புருவத்தில் முடி முளைத்திருக்கிறது, ஒரு பக்கம் மட்டும் மெலிதாக. எழுந்து திரைச்சீலையை இழுத்துவிட்டேன். போன் மூன்றாவது முறை ஒளிர்ந்தது. அதை அவள் கை எட்டும் இடத்தில் நகர்த்தி வைத்துவிட்டு வெளியே வந்தேன்.